பூனா ஒப்பந்தத்தில் ஒரு பந்துவீச்சாளரின் கையொப்பம்

மக்களவையிலும் மாநிலச் சட்டப்பேரவைகளிலும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் இடங்களை ஒதுக்கும் ஏற்பாட்டை 2030 ஜனவரி 25 வரை நீட்டிக்கும் அரசியல் சட்டத் திருத்தத்தை நாடாளுமன்றம் 2019 டிசம்பரில் நிறைவேற்றியது. ஆங்கிலோ இந்தியருக்கான நியமன இடங்கள் கைவிடப்பட்டது குறித்து எதிர்க்கட்சிகள் குரல் எழுப்பின. ஆனால் ஒதுக்கீட்டு நீட்டிப்பை எதிர்த்து ஒரு வாக்கும் விழவில்லை. 1950-இல் பத்தாண்டுகளுக்கு என்று தொடங்கிய 334-ஆவது பிரிவின் காலக்கெடு இவ்வாறு நீட்டிக்கப்பட்டது அது ஏழாவது முறை.

இந்த ஏற்பாட்டின் வேரைத் தேடுவோர் 1932 செப்டம்பர் 24 அன்று கையெழுத்தான பூனா ஒப்பந்தத்தில் வந்து நிற்பர். மதன்மோகன் மாளவியா, அம்பேத்கர், ராஜாஜி, ராஜேந்திர பிரசாத், தேஜ் பகதூர் சாப்ரு எனப் பாடநூல்களில் இடம்பெற்றவர்கள் அதில் கையொப்பமிட்டனர். தமிழகத்தின் தாழ்த்தப்பட்ட வகுப்பினர் தலைவர்களான இரட்டைமலை சீனிவாசனும் எம்.சி. ராஜாவும் அதில் உண்டு. அதே பட்டியலில் 'பி. பாலு' என்றும் ஒரு பெயர் இருக்கிறது. அவர் வழக்கறிஞரோ சட்டமன்ற உறுப்பினரோ அல்லர். ஓய்வு பெற்ற கிரிக்கெட் பந்துவீச்சாளர்.

பல்வங்கர் பாலுவைப் பற்றி கிரிக்கெட் ரசிகர்களிலேயே பலர் அறியார். சி.கே. நாயுடுவுக்கு முன் இந்தியக் கிரிக்கெட்டே இல்லை என்பதுபோல் எழுதப்பட்ட வரலாறுகள் அதற்கு ஒரு காரணம். இந்தியா தனது முதல் டெஸ்ட் போட்டியை 1932 ஜூன் மாதம் லார்ட்ஸ் மைதானத்தில் ஆடியபோது பாலு ஆட்டத்தை விட்டுப் பத்தாண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. வரலாற்றாசிரியர் ராமச்சந்திர குஹா 2002-இல் வெளியிட்ட கிரிக்கெட் வரலாற்று நூலில் அவருக்கு உரிய இடத்தை அளித்த பின்னரே அவர் பெயர் மீண்டும் பேசப்படலாயிற்று.

மூன்று ரூபாய்ச் சம்பளம்

1870-களின் நடுப்பகுதியில் தார்வாரில் பிறந்தவர் பாலு. தோல் தொழிலோடு பிணைத்து வைக்கப்பட்டிருந்த சமார் சாதியைச் சேர்ந்த குடும்பம். கொங்கணக் கடற்கரையின் ரத்னகிரி வட்டாரத்திலுள்ள பல்வண் என்ற ஊர்ப் பெயரே குடும்பப் பெயராயிற்று. தந்தைக்கு ராணுவத்தில் வேலை என்பதால் பிள்ளைகள் பூனாவில் வளர்ந்தனர். படைவீரர்கள் போட்டுவிட்டுப் போன மட்டையையும் பந்தையும் எடுத்து ஆடிப் பழகியதுதான் பாலுவும் அவர் தம்பி சிவராமும் பெற்ற பயிற்சி.

பாலு முதலில் வேலைக்குச் சேர்ந்தது பூனாவில் பார்சிகள் நடத்திய ஒரு கிரிக்கெட் சங்கத்தில். ஆடுகளத்தைப் பெருக்கி, உருளையால் சமன் செய்து, அவ்வப்போது உறுப்பினர்களுக்குப் பந்து வீச வேண்டும். சம்பளம் மாதம் மூன்று ரூபாய். 1892 வாக்கில் ஐரோப்பியர்கள் நடத்திய பூனா கிளப்புக்கு மாறினார். அங்கு நான்கு ரூபாய். வலை கட்டுதல், கோடு போடுதல், உருளை இழுத்தல் ஆகியவற்றோடு வெள்ளை அதிகாரிகளுக்கு மணிக்கணக்கில் பந்து வீசுவதும் அவர் பணியாயிற்று.

அக்காலக் கிரிக்கெட்டில் 'தொழில்முறை ஆட்டக்காரர்' என்ற சொல்லின் பொருள் இன்றைய பொருளுக்கு நேர் எதிரானது. இன்று அது கோடிகளைக் குறிக்கும். அன்று அது கூலியைக் குறித்தது. பணத்துக்கு ஆடுபவர் வேலையாள். பொழுதுபோக்குக்கு ஆடுபவர் கனவான். இங்கிலாந்திலேயே இரு தரப்பினரும் தனித்தனி வாயில்கள் வழியே மைதானத்துக்குள் நுழைந்த காலம் அது. மட்டை பிடிப்பது கனவானின் உரிமை. வியர்வை சிந்திப் பந்து வீசுவது கூலி பெறுபவனின் கடமை. பூனா கிளப்பில் பாலு ஆயிரக்கணக்கான பந்துகளை வீசினார். மட்டை பிடிக்கும் வாய்ப்பு ஒருமுறைகூட அவருக்குத் தரப்படவில்லை.

ஆனால் அந்த வேலையே அவருக்குக் கல்லூரியாகவும் அமைந்தது. கிளப்பின் சிறந்த மட்டையாளரான ஜே.ஜி. கிரெய்க், மற்றவர்கள் வருவதற்கு ஒரு மணி நேரம் முன்பே வந்து பாலுவின் பந்துவீச்சில் பயிற்சி எடுப்பார். தன்னை ஆட்டமிழக்கச் செய்யும் ஒவ்வொரு முறையும் எட்டணா தருவதாக அவர் அறிவித்திருந்தார் என்பது கதையாக நிலைத்துவிட்டது. வாரம் ஒருமுறை வீழ்த்தினாலும் மாதம் இரண்டு ரூபாய்; சம்பளத்தில் பாதி. இடது கையால் மெதுவாகச் சுழற்றி வீசும் பாலுவின் பந்துவீச்சு இந்தப் போட்டியில்தான் கூர்மை பெற்றது.

பந்து ஒன்று, கோப்பை வேறு

வெள்ளையர்களைத் தோற்கடிக்கத் துடித்த பூனா இந்துக்களின் கிரிக்கெட் சங்கத்துக்கு இப்போது ஒரு சங்கடம். நகரின் தலைசிறந்த பந்துவீச்சாளர் தீண்டத்தகாதவர் எனக் கருதப்பட்ட சாதியில் பிறந்திருக்கிறார். சேர்ப்பதா, வேண்டாமா? சங்கத்துக்குள் வாதம் நடந்தது. பாலுவைச் சேர்க்காமல் விட்டால் அது மடமை என்று கிரெய்க்கே கூறியதாகச் சொல்வர். இறுதியில் வெற்றி மீதிருந்த ஆசை ஆசாரத்தை வென்றது. எனினும் ஆட்ட எல்லைக்கோட்டோடு அந்த வெற்றி நின்றுவிட்டது.

களத்தில் உயர் சாதி ஆட்டக்காரர்கள் பாலு தொட்ட பந்தைத் தொட்டனர். ஒரு கையிலிருந்து மறு கைக்கு அது தடையின்றிப் போயிற்று. தேநீர் இடைவேளை வந்ததும் மற்றவர்கள் ஓய்வுக் கூடத்துக்குள் பீங்கான் கோப்பையில் பருக, பாலுவுக்கு வெளியே, குடித்ததும் எறிந்துவிடக்கூடிய மண் கோப்பையில் ஊற்றப்பட்டது. முகம் கழுவத் தண்ணீர் ஊற்றுவதற்கும் அவர் வகுப்பைச் சேர்ந்த பணியாளே வர வேண்டும். உணவும் தனி மேசையில். சேர்த்துக்கொண்டவர்கள் இதில் முரண் எதையும் கண்டதாகத் தெரியவில்லை.

சாத்தாராவில் ஐரோப்பியர்களின் சங்கத்தைப் பாலுவின் பந்துவீச்சால் வீழ்த்தி அணி திரும்பியபோது பூனாவில் பாராட்டுக் கூட்டம் நடைபெற்றது. பாலுவுக்கு மாலை அணிவித்தவர் நீதிபதி மகாதேவ கோவிந்த ரானடே. சமூக சீர்திருத்த மாநாட்டின் தூணாக விளங்கிய ரானடே, ஒருவரோடு சேர்ந்து விளையாட முடியும் என்றால் அவரோடு அமர்ந்து உண்ணவும் முடிய வேண்டும் என்ற கருத்தை வெளிப்படையாகவே தெரிவித்தார். திலகரும் பாலுவைப் பாராட்டிப் பேசினார். அந்நாளில் இது சாதாரண நிகழ்ச்சி அன்று.

1896-இல் பூனாவில் பிளேக் நோய் பரவியதால் பாலு பம்பாய்க்குக் குடிபெயர்ந்தார். அங்கும் இந்து ஜிம்கானாவில் சில உறுப்பினர்கள் அவரைச் சேர்க்கத் தயங்கினர். தயக்கம் மீண்டும் தோற்றது. பம்பாய், பரோடா, மத்திய இந்திய ரயில்வேயில் அவருக்கு வேலையும் கிடைத்தது. அலுவலகத்தின் கிரிக்கெட் அணியில் ஆடுவதற்காகவே ஆட்டக்காரர்களுக்கு வேலை தரும் வழக்கம் இந்தியாவில் அப்போதே இருந்தது.

1906 பிப்ரவரியில் பம்பாயில் இந்துக்கள் அணியும் ஐரோப்பியர் அணியும் மோதின. வங்கப் பிரிவினைக்குப் பின் சுதேசிக் கிளர்ச்சி கொதித்துக்கொண்டிருந்த நேரம். முதல் இன்னிங்ஸில் 242 ரன்களும் அடுத்ததில் 160 ரன்களும் எடுத்த இந்துக்கள், ஐரோப்பியர்களை 191-க்கும் 102-க்கும் சுருட்டி 109 ரன்கள் வித்தியாசத்தில் வென்றனர். அந்தச் சரிவுக்குப் பாலுவின் பந்துவீச்சே முதன்மைக் காரணம். தம்பி சிவராமும் அந்த அணியில் இருந்தார். சாதியைத் தள்ளி வைத்தால் நாடு எதைச் சாதிக்கும் என்பதற்கு இவ்வெற்றி சான்று எனச் சீர்திருத்தப் பத்திரிகைகள் எழுதின.

களத்திலும் தனி வாக்காளர் தொகுதி

அக்காலப் பம்பாய்க் கிரிக்கெட் மதவாரியாகவே நடந்தது. ஐரோப்பியர், பார்சிகள், இந்துக்கள் ஆடிய முத்தரப்புப் போட்டியில் 1912-இல் முஸ்லிம்கள் அணியும் சேர, அது நாற்தரப்புப் போட்டியாயிற்று. 1909-இன் மின்டோ - மார்லி சீர்திருத்தம் முஸ்லிம்களுக்குத் தனி வாக்காளர் தொகுதி வழங்கி மூன்றே ஆண்டுகள் ஆகியிருந்தன. சட்டசபையில் வரையப்பட்ட கோடுகளும் ஆட்ட மைதானத்தில் வரையப்பட்ட கோடுகளும் ஏறத்தாழ ஒன்றே. தாழ்த்தப்பட்ட வகுப்பினருக்கென்று மட்டும் மைதானத்தில் அணி இல்லை. பாலுவும் சிவராமும், பின்னர் கண்பத்தும் விட்டலும் என நான்கு சகோதரர்களும் ஆடியது இந்துக்கள் அணியில்தான். இந்த அனுபவமே பாலுவின் பிற்கால அரசியலை வடிவமைத்தது என்று கருத இடமுண்டு.

அதற்கு முந்தைய ஆண்டு, 1911-இல், அகில இந்திய அணி முதன்முதலாக இங்கிலாந்து சென்றது. ஆறு பார்சிகள், ஐந்து இந்துக்கள், மூன்று முஸ்லிம்கள். தலைமை ஏற்றவர் பத்தொன்பது வயதுப் பாட்டியாலா மகாராஜா பூபிந்தர் சிங். ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் முடிசூட்டு விழா ஆண்டு ஆதலால் மகாராஜாவுக்கு விருந்துகளுக்கே நேரம் போதவில்லை. ஆடிய 23 ஆட்டங்களில் அணி வென்றவை ஆறே. லெஸ்டர்ஷையரையும் சாமர்செட்டையும் வீழ்த்தியது மட்டும் பெருமை. இந்தத் தோல்விகளுக்கு நடுவே ஏறத்தாழ முப்பத்தைந்து வயதான பாலு 114 விக்கெட்டுகளை வீழ்த்தினார். சராசரி 18.84. முதல்தர ஆட்டங்களில் மட்டும் 75 விக்கெட்டுகள். இங்கிலாந்தின் புகழ்பெற்ற இடதுகைச் சுழற்பந்து வீச்சாளர் வில்பிரட் ரோட்ஸுடன் அவர் ஒப்பிடப்பட்டார்.

திரும்பி வந்தவருக்குப் பம்பாயின் தாழ்த்தப்பட்ட வகுப்பினர் வரவேற்பு அளித்து மானபத்திரம் வழங்கினர். அதில் எல்பின்ஸ்டன் கல்லூரி மாணவர் ஒருவருக்கும் பங்கு இருந்தது. அவர் பீமராவ் அம்பேத்கர். இருபது வயது இளைஞருக்குப் பாலு அப்போது ஆதர்ச நாயகர். தம் மக்களிடமிருந்து உலக அரங்குக்குச் சென்று வந்த முதல் மனிதர்.

இத்தனைக்குப் பின்னும் ஒரு கதவு திறக்கவில்லை. இந்துக்கள் அணிக்குப் பாலு ஒருபோதும் கேப்டனாக நியமிக்கப்படவில்லை. மூத்தவர், திறமையில் முதல்வர் என்ற தகுதிகள் இருந்தும் ஆண்டுதோறும் தலைமை வேறொருவருக்கே போயிற்று. பந்து வீசுவது உழைப்பு; தலைமை தாங்குவது அதிகாரம். முன்னதைத் தரத் தயங்காதவர்கள் பின்னதைத் தர மறுத்தனர்.

1920 நாற்தரப்புப் போட்டியில் இது வெடித்தது. பாலு அணியிலிருந்தே நீக்கப்பட்டார். கேப்டன் எம்.டி. பாய் உடல்நலமின்றி விலக, தலைமை விட்டலுக்கோ சிவராமுக்கோ செல்லாமல் அவர்களைவிட இளையவரான டி.பி. தேவ்தருக்குச் சென்றது. சகோதரர்கள் இருவரும் சாதியைக் காரணம் காட்டிப் பகிரங்க அறிக்கை விடுத்து அணியிலிருந்து விலகினர். தீண்டாமையை ஒழிக்க வேண்டும் என்று காந்தி ஊர் ஊராகப் பேசிவந்த, ஒத்துழையாமை இயக்கம் உருக்கொண்ட மாதங்கள் அவை. பொதுமக்கள் கருத்து சகோதரர்கள் பக்கம் திரும்பியது. இறுதி ஆட்டத்துக்குப் பாய் திரும்பி வந்தார்; சகோதரர்களும் வந்தனர்; பாலு துணைக் கேப்டனாக்கப்பட்டார். கேப்டன் களத்தைவிட்டு வெளியே சென்ற வேளைகளில் அணியை நடத்தியவர் பாலுதான். அவருக்குக் கிடைத்த தலைமை அவ்வளவே. 1923-இல் விட்டல் முழு உரிமையுடன் கேப்டனானார். அவ்வாண்டுக் கோப்பையை இந்துக்களே வென்றனர்.

33 முதல்தர ஆட்டங்கள், 179 விக்கெட்டுகள், சராசரி 15.21 என்பது பாலுவின் கணக்கு. முதல்தர அந்தஸ்து பெற்ற ஆட்டங்கள் அவருக்குக் கிடைக்கத் தொடங்கியதே முப்பது வயதில்தான்.

எரவாடாவில்

1932 ஆகஸ்டில் பிரிட்டிஷ் பிரதமர் ராம்சே மக்டொனால்டு வகுப்புவாரித் தீர்ப்பை அறிவித்தார். தாழ்த்தப்பட்ட வகுப்பினருக்கும் தனி வாக்காளர் தொகுதி என்றது அத்தீர்ப்பு. இதில் தமிழ் வாசகர்களுக்கு ஒரு சொல்மயக்கம் நேரக்கூடும். இன்று 'தனித் தொகுதி' என்று வழங்குவது ஒதுக்கீட்டுத் தொகுதியை. அங்கு வேட்பாளர் மட்டுமே குறிப்பிட்ட வகுப்பினர், வாக்களிப்போர் எல்லோரும். அம்பேத்கரும் இரட்டைமலை சீனிவாசனும் வட்டமேசை மாநாட்டில் கேட்டது வாக்காளர்களும் அவ்வகுப்பினராகவே இருக்கும் தொகுதியை. தம் பிரதிநிதியை மற்றவர் தேர்ந்தெடுக்கலாகாது என்பது அவர்கள் வாதம்.

எதிர் முகாமில் எம்.சி. ராஜா நின்றார். முன்பு தனி வாக்காளர் தொகுதியை ஆதரித்த அவர் 1932-இல் இந்து மகாசபையின் மூஞ்சேயுடன் உடன்பாடு செய்துகொண்டு, இட ஒதுக்கீட்டுடன் கூடிய கூட்டுத் தொகுதியை ஏற்றிருந்தார். பாலு நின்றதும் அவர் பக்கமே. பிரிந்து போய் வெல்வதைவிட உள்ளே இருந்து போராடுவதே வழி என்ற பாலுவின் நிலைப்பாட்டில் அவர் ஆடிய ஆட்டத்தின் தடம் தெரிகிறது. மண் கோப்பையில் தொடங்கித் தம்பியின் கேப்டன் பதவி வரை இந்துக்கள் அணிக்குள் இருந்துகொண்டே அந்தக் குடும்பம் ஒவ்வோர் அடியாக முன்னேறியிருந்தது. அதற்கு ஆன காலம் சுமார் முப்பது ஆண்டுகள் என்பதை அம்பேத்கர் தரப்பு வேறு விதமாகப் படித்திருக்கும்.

செப்டம்பர் 20 அன்று எரவாடா சிறையில் காந்தி உண்ணாவிரதம் தொடங்கினார். அவர் உயிர் பற்றிய அச்சம் நாடெங்கும் பரவிய அந்நாட்களில் அம்பேத்கரிடம் பேசி இணக்கம் காண முயன்றவர்களில் ராஜாவுடன் பாலுவும் இருந்தார். ஒப்பந்தம் உருவாயிற்று. தனி வாக்காளர் தொகுதி கைவிடப்பட்டது. மாகாணச் சட்டசபைகளில் ஒதுக்கப்படும் இடங்கள் 148 ஆயின. சென்னை மாகாணத்துக்கு மட்டும் 30. அவ்வகுப்பு வாக்காளர்கள் முதலில் நால்வரைத் தேர்ந்தெடுக்க, அவர்களிலிருந்து ஒருவரை எல்லா வாக்காளர்களும் தேர்ந்தெடுப்பர் என்ற இடைவழியும் சேர்க்கப்பட்டது. ஒரு காலத்தில் மானபத்திரம் பெற்றவரும் அதை வழங்கியவர்களில் ஒருவரும் ஒரே தாளில் ஒப்பமிட்டனர். மனங்கள் ஒப்பவில்லை.

1935 அக்டோபரில் இயோலா மாநாட்டில், தாம் இந்துவாகப் பிறந்திருந்தாலும் இந்துவாக இறக்கப்போவதில்லை என்று அம்பேத்கர் அறிவித்தார். மதமாற்றத்தைப் பாலு கடுமையாக எதிர்த்தார். பம்பாய் மாநகராட்சித் தேர்தலில் இந்து மகாசபை சார்பில் முன்பே ஒருமுறை நின்று தோற்றிருந்த அவருக்கு, 1937 மாகாணத் தேர்தலில் காங்கிரஸ் ஒரு கடினமான தொகுதியை ஒதுக்கியது. பம்பாய் நகரின் தொழிலாளர் பகுதியான பைகுல்லா - பரேல். அங்கு ஒதுக்கப்பட்ட இடத்துக்குச் சுதந்திரத் தொழிலாளர் கட்சியின் வேட்பாளர் அதன் நிறுவனர் அம்பேத்கரே.

இதில் காங்கிரஸின் கணக்கு தெளிவானது. அம்பேத்கரை வீழ்த்தக்கூடிய புகழ் அவர் வகுப்பாரிடையே வேறெவருக்கும் இல்லை. மகர் சமூகத்தில் அம்பேத்கருக்கு இருந்த செல்வாக்குக்கு எதிராகச் சமார் சமூகத்தைத் திரட்டலாம் என்ற எண்ணமும் இருந்திருக்கும். கட்சிகள் இன்றும் ஒதுக்கீட்டுத் தொகுதிகளில் உட்சாதிக் கணக்குப் போட்டே வேட்பாளரை நிறுத்துகின்றன. அந்தக் கலை அப்போதே முதிர்ந்திருந்தது. முடிவு: அம்பேத்கர் 13,245 வாக்குகள், பாலு 11,225. வித்தியாசம் 2,020. அறுபதைத் தாண்டிய பந்துவீச்சாளர் அவ்வளவு நெருங்கினார்.

கூட்டுத் தொகுதி முறை அம்பேத்கருக்கு எப்போதும் அப்படி வழிவிடவில்லை. தாழ்த்தப்பட்டோரின் உண்மையான பிரதிநிதிகளை மற்றவர் வாக்குகள் தோற்கடித்துவிடும் என்று 1945-இல், காங்கிரஸும் காந்தியும் தீண்டத்தகாதோருக்குச் செய்தது என்ன என்ற தம் நூலில் விரிவாக எழுதினார். 1952-இல் குடியரசின் முதல் பொதுத் தேர்தலில் அதே பம்பாயில் காங்கிரஸின் நாராயண் கஜ்ரோல்கரிடம் தோற்றார்; அரசியல் சட்ட வரைவுக் குழுவின் தலைவராக இருந்தவரைத் தோற்கடித்தது ஓர் ஒதுக்கீட்டுத் தொகுதி. கூட்டுத் தொகுதியை ஏற்ற ராஜாவின் அனுபவமும் இனிதாக இல்லை. 1938-இல் சென்னைச் சட்டசபையில் அவர் கொண்டுவந்த ஆலயப் பிரவேச மசோதாவை ராஜாஜி அரசு ஆதரிக்க மறுத்தது. கசப்புற்ற ராஜா பின்னர் அம்பேத்கர் பக்கம் நெருங்கினார்.

பாலு அவ்வாறு திரும்பியதாகச் செய்தி இல்லை. தோல்விக்குப் பின் தேர்தல் அரசியலில் அவர் பெயர் மங்கிவிட்டது. தம்பி விட்டல் 1948-இல் மராத்தியில் தம் விளையாட்டு வாழ்க்கை பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அண்ணன் அப்படி எதையும் எழுதி வைக்கவில்லை. ஆகவே மண் கோப்பையைப் பற்றியும் கேப்டன் பதவியைப் பற்றியும் எரவாடா நாட்களைப் பற்றியும் அவர் மனத்தில் இருந்ததை மற்றவர் குறிப்புகளிலிருந்தே ஊகிக்க வேண்டியிருக்கிறது.

ஒப்பந்தத்தில் 148 இடங்களாக எழுதப்பட்ட ஏற்பாட்டின் வழியே இன்று மக்களவையில் பட்டியல் சாதியினருக்கு 84 இடங்கள் உள்ளன. நால்வரைத் தேர்ந்தெடுக்கும் முதற்கட்டத் தேர்தல் சுதந்திரத்துக்குப் பின் தொடரவில்லை. யார் நிற்பது என்பதைக் கட்சித் தலைமைகளே தீர்மானிக்கின்றன.

பல்வங்கர் பாலு 1955 ஜூலை 4 அன்று பம்பாயில் காலமானார். அதற்கு அடுத்த ஆண்டு அக்டோபர் 14 அன்று நாகபுரியில் அம்பேத்கர் லட்சக்கணக்கானோருடன் பௌத்தம் தழுவினார்.